ஒருவரும் காணாத கழுகு



கொஞ்சம் நீண்ட பதிவு. வேலையாக இருப்பவர்கள் பிறகு ஆறுதலாக வாசியுங்கள். பெற்றோர் மட்டும் கட்டாயம் வாசிக்க வேண்டும். இதில் எமது தவறு ஒன்றும் இருக்கிறது. வகுப்பில் அதை ஏற்கெனவே ஒப்புக்கொண்டு விட்டோம். ஊருக்கும் சொல்லிவிடுவது நல்லது என்று படுகிறது. அதற்கு ஒரு காரணமும் இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறோம்.

கடந்த தவணையில் ஒரு நாள், நாம் இருக்கின்ற வட்ஸ்அப் குழுவொன்றில் ஒரு படம் வந்தது. பெரிய மணல் குழி. அதற்குள் சிறகை விரித்தபடி ஒரு பறவையின் எலும்புக்கூடு. பக்கத்தில் மண்வெட்டியோடு நான்கு பேர் நிற்கிறார்கள். அந்தப் பறவையின் காலளவு உயரம்கூட அவர்களுக்கு இல்லை. கீழே எழுதியிருந்தது: நியூசிலாந்தில் கண்டெடுக்கப்பட்ட ராட்சதக் கழுகு, மனிதர்களைத் தூக்கிச் சென்று தின்றது, விஞ்ஞானிகள் அதிர்ச்சி.

அடுத்த நாள் தரம் 8க்கு விஞ்ஞான பாடம். மத்தியானத்துக்குப் பிறகு வரும் பாடவேளை. பிள்ளைகளுக்கும் தூக்கம், எமக்கும் தூக்கம். உயிர்ச்சுவடுகளைப் பற்றிச் சொல்ல வேண்டியிருந்தது. பிள்ளைகளின் கவனத்தைப் பிடிக்க இந்தப் படம் நல்லது என்று நினைத்து, தொலைபேசியை வரிசை வரிசையாகக் கொண்டுபோய்க் காட்டினோம். மனிதனைத் தூக்கிய கழுகு என்று கையை விரித்துக் காட்டிச் சொன்னோம். வகுப்பு விழித்துக்கொண்டது. எமக்கும் சந்தோஷம்.

பின் வரிசையில் ஒரு பிள்ளை. அதிகம் பேசாத பிள்ளை. எழும்பி நின்று சொன்னாள்:

"சேர், மனிசன்ட நெழல் இந்தப் பக்கம் விழுது. எலும்புட நெழல் மத்தப் பக்கம் கிடக்கு."

நாம் படத்தைப் பார்த்தோம். உண்மைதான். ஆனால் அதை ஒத்துக்கொள்ள மனம் வரவில்லை. "அது கெமராவுல அப்பிடித்தான் வரும்" என்றோம். அவள் விடவில்லை.

"ஒருத்தரும் காணாத பறவை மனிசனத் திண்டெண்டு எப்பிடி சேர் சொல்ற?"

"படிச்சவங்க சும்மா சொல்லுவாங்களா? இரிங்க."

வகுப்பு சிரித்தது. அவள் இருந்துவிட்டாள். அந்தப் பாடவேளை முடியும்வரை தலையைத் தூக்கவில்லை.

கலாசாலையில் நாம் படித்த காலத்தில் விரிவுரையாளர் ஒருவர் அடிக்கடி சொல்வார், வகுப்பில் கேள்வி கேட்கும் பிள்ளையை ஒரு தடவை சிரிக்க வைத்துவிட்டால், மற்ற முப்பது பிள்ளைகளும் அந்த வருடம் கேள்வி கேட்கமாட்டார்கள் என்று. குறிப்பேட்டில் அதை எழுதியும் வைத்திருந்தோம். எழுதி வைத்து என்ன பிரயோசனம்?

அன்றிரவு தேடிப் பார்க்கத் தொடங்கினோம். படம் பொய். கணினியில் ஒட்டிச் செய்த வேலை. அது பத்து நிமிடத்தில் தெரிந்துவிட்டது. ஆனால் எம்மை விடியும்வரை உட்கார வைத்தது வேறு விஷயம். கழுகு உண்மை. நியூசிலாந்தில் அப்படி ஒரு கழுகு இருந்தது. அதன் எலும்புகள் நூதனசாலையில் இருக்கின்றன. படத்தில் இருந்ததைவிடச் சிறியதுதான். ஆனால் அதைப் பற்றி மனிதர்கள் எப்படி அறிந்துகொண்டார்கள் என்ற கதை அந்தப் பொய்ப் படத்தைவிட எவ்வளவோ பெரியது. அதை இங்கே சுருக்கமாகச் சொல்கிறோம்.

முதலில் அந்த நாட்டைப் பற்றி. நியூசிலாந்தில் மனிதர்கள் போய்ச் சேரும்வரை தரையில் வாழும் முலையூட்டி எதுவும் இருக்கவில்லை. வௌவால்கள் மட்டும் இருந்தன. கரையில் கடல்நாய்கள். மான் இல்லை, மாடு இல்லை, புலி இல்லை. எமது நாட்டில் மான் மேய்கிற இடத்தில் அங்கே பறவை மேய்ந்தது. அந்தப் பறவைகளுக்கு மோவா என்று பெயர். 9 இனங்கள் இருந்ததாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். அவற்றுள் பெரிய இனத்தின் பெட்டைகள் கழுத்தை நீட்டினால் ஏறத்தாழ 3.6 மீற்றர் உயரம். எடை 200 கிலோவுக்கும் மேல். தீக்கோழிக்குச் சிறகு சிறிதாகவாவது இருக்கிறது. மோவாவுக்குச் சிறகின் எலும்பே இல்லை.

இந்த மோவாவையும் ஐரோப்பாவிலிருந்து போன விஞ்ஞானிகள் ஒருவரும் உயிரோடு காணவில்லை. 1839இல் லண்டனில் ரிச்சர்ட் ஓவன் என்ற உடலமைப்பியல் அறிஞரிடம் ஓர் எலும்புத் துண்டைக் கொண்டுவந்து கொடுத்தார்கள். இரண்டு முனையும் உடைந்த தொடை எலும்புத் துண்டு, நீளம் ஏறத்தாழ 15 சென்ரிமீற்றர். எமது வீட்டுக் குப்பையில் கிடந்தால் மாட்டெலும்பு என்று தூக்கி எறிந்திருப்போம். ஓவன் அதன் உள்ளமைப்பைப் பார்த்து, இது மாடும் இல்லை, குதிரையும் இல்லை, பறக்க முடியாத ஒரு பெரும் பறவை என்றார். சிலர் நம்பவில்லை. 1843இல் நியூசிலாந்திலிருந்து பெட்டி பெட்டியாக எலும்புகள் வந்து சேர்ந்தபோது அவர் சொன்னது சரியென்று தெரிந்தது.

இனிக் கழுகு. நியூசிலாந்தின் தென் தீவில் கிளென்மார்க் என்று ஒரு பெரிய பண்ணை. அங்கே ஒரு சதுப்பு நிலம். அதைத் தோண்டத் தோண்ட மோவா எலும்புகள் வந்தன. கிறைஸ்ற்சேர்ச் நகரில் இருக்கும் கன்ரபரி நூதனசாலையின் முதல் பணிப்பாளர் ஜூலியஸ் வொன் ஹாஸ்ற், ஜேர்மனியில் பிறந்த புவியியலாளர். அவர் அந்த எலும்புகளை உலகின் மற்ற நூதனசாலைகளுக்கு அனுப்பி, அதற்குப் பதிலாக வேறு பொருட்களை வாங்கித் தமது நூதனசாலையை வளர்த்தார்.

1871இல் அந்தச் சதுப்பில் வேலை செய்துகொண்டிருந்தவர் ஃபுல்லர். நூதனசாலைக்காக மிருகங்களையும் பறவைகளையும் பாடம் செய்து வைக்கும் தொழிலாளி. மோவா எலும்புகளுக்கு நடுவே மோவாவுடையது அல்லாத சில எலும்புகளை அவர் கண்டார். வளைந்த பெரிய நகங்கள். சேற்றுக்குள் கை வைத்த மனிதர் அதை வேறுபடுத்திப் பார்த்திராவிட்டால் அதுவும் மோவாக் குவியலோடு குவியலாகப் போயிருக்கும். ஹாஸ்ற் அதை ஆராய்ந்து எழுதி, ஹார்பகோர்னிஸ் மூரேய் என்று விஞ்ஞானப் பெயர் வைத்தார். பற்றி இழுக்கும் கொக்கிபோன்ற பறவை என்று முதற்சொல்லுக்குப் பொருள். பின்னுள்ள சொல் பண்ணை உரிமையாளர் மூரின் பெயர். இன்று உலகம் அதை ஹாஸ்ற் கழுகு என்கிறது. எழுதியவர் பெயரும் நிலத்துக்காரர் பெயரும் கழுகோடு ஒட்டிக்கொண்டன. கண்டெடுத்தவர் பெயர் ஒட்டவில்லை. இதை வகுப்பில் சொன்னபோது பிள்ளைகளுக்கு அதுதான் கூடுதலாகக் கோபத்தைக் கொடுத்தது.

கழுகு ஏன் சதுப்புக்குள் கிடந்தது? அவர்கள் தரும் விளக்கம் இது. பாரமான மோவா சேற்றில் இறங்கிப் புதைந்துவிடும். அசைய முடியாமல் நிற்கும் இரையைப் பார்த்துக் கழுகு இறங்கும். சில வேளை அதுவும் அதே சேற்றில் மாட்டிக்கொள்ளும். காற்றுப் படாத சேறு இரண்டின் எலும்பையும் பாதுகாத்து வைத்தது.

அளவைக் கேளுங்கள். பெட்டைக் கழுகு 10 முதல் 15 கிலோ. சிறகை விரித்தால் 2.6 முதல் 3 மீற்றர் வரை. எமது கடற்கரையில் மீன் தூக்கும் வெள்ளை வயிற்றுக் கடற்கழுகைப் பார்த்திருப்பீர்கள். அது 4 கிலோவைத் தாண்டுவது அரிது. அதன் சிறகு விரிப்பே ஏறத்தாழ 2 மீற்றர். அப்படியென்றால் ஹாஸ்ற் கழுகுக்கு உடல் மூன்று நான்கு மடங்கு, சிறகு ஒன்றரை மடங்குதான். உடம்புக்குச் சிறகு கட்டை. காட்டுக்குள் மரங்களுக்கிடையே திரும்பித் திரும்பிப் பறக்க அது வசதி. உயரத்தில் வட்டமிட்டுக்கொண்டிருக்கும் பறவைக்கு அந்தச் சிறகு பொருந்தாது. பின்விரல் நகம் புலியின் நகத்தோடு ஒப்பிடும் அளவு பெரியது. ஆனாலும் 15 கிலோ பறவை 60 கிலோ மனிதனைத் தூக்கிக்கொண்டு பறக்காது. குழுவில் வந்த செய்தி அந்த இடத்திலேயே விழுந்துவிடுகிறது.

அப்படியானால் அது வேட்டையாடியதா, செத்ததைத் தின்றதா? இதில் நூறு வருடத்துக்கும் மேலாக வாக்குவாதம் இருந்தது. பிணந்தின்னிதான் என்று ஒரு சாரார் சொன்னார்கள். இங்கேதான் எமது பின் வரிசைப் பிள்ளையின் கேள்வி வருகிறது. ஒருவரும் காணாததை எப்படிச் சொல்வது?

மோவாவின் எலும்பைப் பார்த்துச் சொன்னார்கள். மோவாக்கள் சிலவற்றின் இடுப்பெலும்பில் துளைகள் இருந்தன. தடித்த எலும்பைக் குத்தித் துளைத்த துளைகள். அந்த நாட்டில் அப்படிக் குத்தக்கூடிய பல்லுள்ள மிருகம் எதுவும் இல்லை. துளைகளின் அளவும் இடைவெளியும் இந்தக் கழுகின் நகங்களுக்குப் பொருந்தின. செத்துக் கிடக்கும் இரையைத் தின்ன வரும் பறவைக்கு இடுப்பெலும்பைத் துளைக்க வேண்டிய தேவை என்ன? அந்த வேகமும் பலமும் உயிரோடு நிற்கும் இரையை வீழ்த்தத்தான். பக்கவாட்டில் வந்து, ஒரு காலால் இடுப்பைப் பிடித்து, மற்றக் காலால் கழுத்தையோ தலையையோ தாக்கியிருக்கும் என்று அவர்கள் முடிவுக்கு வந்தார்கள்.

வேறு சான்றுகளும் பின்னர் வந்தன. இந்த எலும்புகள் கல்லாக மாறியவை அல்ல, எலும்பாகவே இருப்பவை. அதனால் அவற்றிலிருந்து டீ.என்.ஏ எடுக்க முடிந்தது. 2005இல் வெளிவந்த ஆய்வு எல்லோரையும் திகைக்க வைத்தது. இவ்வளவு பெரிய கழுகுக்கு நெருங்கிய உறவு, ஏறத்தாழ 1 கிலோ எடையுள்ள சின்னக் கழுகுகள். ஒன்று அவுஸ்திரேலியாவில் இருக்கிறது. மற்றொன்று, கால் நுனிவரை இறகு மூடியிருப்பதால் ஆங்கிலத்தில் பூட்டெட் ஈகிள் எனப்படும் கழுகு. அது பனிக்காலத்தில் இலங்கைக்கும் வந்து போகிற பறவை. எமது வானத்தில் பறக்கும் ஒரு சிறு கழுகு, அந்த ராட்சதக் கழுகுக்குச் சொந்தக்காரன்.

2009இல் மண்டையோட்டைச் சீ.ரி. ஸ்கேன் செய்து பார்த்தார்கள். இடுப்பின் பலத்தையும் கணக்கிட்டார்கள். வேட்டைக்காரன்தான் என்றார்கள். 2021இல் இன்னொரு குழு அலகையும் மண்டையோட்டையும் நகங்களையும் மற்றப் பறவைகளோடு ஒப்பிட்டது. நகமும் அலகும் கழுகினுடையவைபோல. ஆனால் மண்டையோட்டின் அமைப்பு தென் அமெரிக்காவின் கொண்டோர் பிணந்தின்னிக் கழுகைப்போல. கழுகைப்போலக் கொன்று, பிணந்தின்னியைப்போலத் தலையை உள்ளே விட்டு உள்ளுறுப்புகளைத் தின்றிருக்கிறது. நூறு வருடமாக வாதாடிய இரண்டு பக்கத்தின் கையிலும் பாதி உண்மை இருந்திருக்கிறது.

இனிக் கேளுங்கள். இந்தப் பதிவுக்கு வைத்த தலைப்பே பிழை. ஒருவரும் காணாத கழுகு அல்ல அது. கண்டவர்கள் இருந்தார்கள். 13ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தோணிகளில் பெருங்கடலைக் கடந்து அந்தத் தீவுகளுக்கு வந்த மாவோரிகளின் முன்னோர். அவர்களின் சந்ததியிடம் ஹோக்கியோய், பொவாக்கை என்ற பெயர்களில் பெரும் பறவைகளைப் பற்றிய கதைகள் இருந்தன. வெள்ளைக்காரர் முதலில் அதைக் கட்டுக்கதை என்றே எண்ணினார்கள். தென் கன்ரபரியில் ஒரு பாறைக் குகையில் கறுப்பு மையால் வரைந்த பறவை ஒன்று இருக்கிறது. உடம்பு கறுப்பு. தலைக்கு மட்டும் நிறம் தீட்டவில்லை. 2021 ஆய்வைச் செய்தவர்கள் அதையும் பார்த்து, பிணந்தின்னிகளைப்போல் இந்தக் கழுகின் தலையும் இறகில்லாமல் இருந்திருக்கலாம் என்றார்கள். எழுதத் தெரியாத ஒருவர் கண்டதைக் கண்டபடி வரைந்து வைத்தார். பல நூறு வருடங்களுக்குப் பிறகு அதுவும் சாட்சியாக வந்து நிற்கிறது.

கண்டவர்கள் வந்த பிறகுதான் அது இல்லாமலும் போனது. மோவா இறைச்சி நல்ல உணவு. அதற்கு ஓடி ஒளியவும் தெரியாது. வேட்டையும் காடெரிப்பும் சேர்ந்து ஏறத்தாழ 150 வருடங்களுக்குள் ஒன்பது இனமும் முடிந்துவிட்டன. மோவா முடிந்ததும் அதை நம்பியிருந்த கழுகும் முடிந்தது. கழுகைக் கொன்று ஒழிக்கவேண்டிய அவசியமே இருக்கவில்லை. அதன் சோற்றை எடுத்துவிட்டால் போதும். இதை அந்த மக்களைக் குற்றம் சொல்ல எழுதவில்லை. அவர்களுக்குப் பசி இருந்தது, கணக்கெடுக்க வழி இருக்கவில்லை. கணக்கெடுக்க வழி தெரிந்த நாம் எமது களப்பையும் கண்டல் மரங்களையும் என்ன செய்துகொண்டிருக்கிறோம் என்று பார்த்துக்கொண்டால் போதும்.

அடுத்த கிழமை வகுப்புக்குப் போனோம். இறைச்சிக் கடையில் வாங்கிய மூன்று மாட்டெலும்புகளைக் கொண்டுபோனோம். ஒன்று கடைக்காரர் கத்தியால் வெட்டியது. ஒன்று தெரு நாய் கடித்தது. ஒன்றில் நாமே ஆணி அடித்து எடுத்தோம். எதை யார் செய்தது என்று சொல்லாமல் மேசையில் வைத்து, கண்டுபிடியுங்கள் என்றோம். ஐந்து நிமிடத்தில் கண்டுபிடித்தார்கள். கத்தி வெட்டு நேர்கோடு. நாய்ப்பல் முனையை மென்று சொரசொரப்பாக்கியிருந்தது. ஆணித் துளை வட்டம். "நாய் கடிக்கிறத ஆராவது கண்டீங்களா?" என்று கேட்டோம். இல்லை என்றார்கள். "அப்ப எப்பிடித் தெரியும்?" ஒரு கணம் வகுப்பு பேசவில்லை. பிறகு எல்லோரும் ஒன்றாகக் கத்தினார்கள்.

அதற்கு முன்னால் செய்ய வேண்டிய ஒன்றைச் செய்திருந்தோம். வகுப்புக்கு முன்னால் அந்தப் பிள்ளையின் பெயரைச் சொல்லி, படம் பொய், நிழலைப் பற்றி நீங்கள் சொன்னது சரி, நாம் சொன்னது பிழை, மன்னித்துக்கொள்ளுங்கள் என்றோம். பன்னிரண்டு பதின்மூன்று வயதுப் பிள்ளையிடம் அதைச் சொல்ல நாக்கு எவ்வளவு பாரமாக இருந்தது என்பது ஆசிரியர்களுக்கு விளங்கும்.

இவ்வளவும் ஒரு பறவைப் படத்துக்காகவா என்று கேட்பீர்கள்.

2018 பெப்ரவரியில் அம்பாறையில் என்ன நடந்தது என்று எமக்கு மறக்கவில்லை. எமது ஆட்களின் கடையொன்றில் உணவுக்குள் மலட்டு மாத்திரை போட்டார்கள் என்று ஒரு வதந்தி. அதைத் தொலைபேசியில் அனுப்பியவர்கள் எல்லோரும் கெட்டவர்களாக இருந்திருக்கமாட்டார்கள். பலர் நம்மைப்போல, பார்த்தார்கள், திகைத்தார்கள், அனுப்பினார்கள். அன்றிரவு கடையும் பள்ளிவாசலும் தாக்கப்பட்டன. பிறகு அரச பகுப்பாய்வாளர் பரிசோதித்து, அது மாத்திரை இல்லை, மாக்கட்டி என்று அறிக்கை கொடுத்தார். சான்று வந்தது. ஆனால் பிந்தி வந்தது.

எம்மைப் பற்றிப் பொய் பரவியபோது, ஒருவராவது நின்று "இதை யார் கண்டது? எப்படித் தெரியும்?" என்று கேட்கமாட்டார்களா என்று ஏங்கினோம். அதே கேள்வியை எமது வகுப்பில் ஒரு பிள்ளை கேட்டபோது, இரிங்க என்று சொல்லிவிட்டோம். அந்த இரவு எமக்குத் தூக்கம் வராமல் போனதற்குக் கழுகு மட்டும் காரணமில்லை.

பொய்ப் படத்தை அனுப்பிய குழுவிலும் திருத்தத்தைப் போட்டோம். இரண்டு பேர் பெருவிரலைக் காட்டினார்கள். ஒருவர், "இதுக்கெல்லாம் ஏன் சேர் மெனக்கெடுற?" என்று எழுதினார். மற்றவர்கள் பேசவில்லை. பரவாயில்லை.

இப்போது இந்தப் பதிவை எழுதிய காரணம். நாம் மன்னிப்புக் கேட்ட அன்று பாடசாலை விட்ட பிறகு, அந்தப் பிள்ளை ஆசிரியர் அறை வாசலில் வந்து நின்றாள்.

"பரவால்ல சேர். அந்தப் படத்த எங்கட வாப்பாவும் வீட்ட காட்டினவர். பொய்யெண்டு சொன்னன், கேக்கல்ல."

சிரித்துவிட்டோம். அவள் சிரிக்கவில்லை.

"நான் சொன்னா கேக்கமாட்டார் சேர். நீங்க சொன்னா கேப்பார். பேஸ்புக்ல போடுங்களன்."

போட்டுவிட்டோம், மகள். யாருடைய வாப்பா என்று ஒருவரும் கொமென்ற்ஸில் தேடவேண்டாம். படம் தொலைபேசியில் இன்னும் இருக்கிற எல்லா வாப்பாமாருக்கும், எல்லா சேர்மாருக்கும் சேர்த்துத்தான் இது. அழித்துவிடுங்கள். அழிக்கும் முன் ஒரு தடவை பிள்ளைக்குக் காட்டி, நிழல் எந்தப் பக்கம் விழுகிறது என்று கேட்டுப் பாருங்கள்.